தங்கராஜ் கொண்டுவந்த திமிங்கில நோட்டு

நோட்டு ஒரு பழைய லோஞ்சியில், பர்மாக்காரர் கட்டும் கைலித் துணியில், சுற்றியிருந்தது. தங்கராஜ் அதை என் சாப்பாட்டு மேசையில் வைத்துவிட்டு, மூன்று மாடி ஏறி வந்த மூச்சு அடங்கும்வரை சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றார். கரண்ட் இல்லாத நேரம். மழைக்கு முந்தைய ரங்கூன் வெயிலைப் பற்றி நான் சொல்ல வேண்டியதில்லை. உட்காருங்கள் என்றேன். உட்காரவில்லை.

"மொதல்ல தொறந்து பாருங்க சயாமா. அப்புறம் உக்கார்றேன்."

சயாமா என்றால் இங்கே டீச்சரம்மா. நான் வேலையை விட்டு எத்தனையோ வருடமாகியும் அந்தப் பெயர் என்னை விடவில்லை.

துணியைப் பிரித்தேன். முதலில் வந்தது வாடை. பழைய காகித வாடை எனக்குப் பழக்கம், இது வேறு. கருவாட்டுக் கூடையைக் கழுவி, வெயிலில் காயவைத்த பிறகும் ஒரு வாடை மிஞ்சுமே, அது.

நடுவில் ஒரு பக்கத்தைத் திறந்தேன். நெருக்கி எழுதிய பழைய ஆங்கிலக் கையெழுத்து. ஓரத்தில் கறுப்பு மையில் சின்னச் சின்னத் திமிங்கிலங்கள். மரக்கட்டையில் செதுக்கி முத்திரை மாதிரிக் குத்தியவை. சில இடங்களில் முழுத் திமிங்கிலம். சில இடங்களில் தண்ணீருக்கு மேலே தூக்கிய வால் மட்டும்.

"நெசந்தானா சயாமா?"

"எது?"

"இந்த நோட்டு. அமெரிக்காக்காரன் திமிங்கிலம் புடிக்கிற கப்பல்ல எழுதுனதுன்னு சொன்னாங்க. நெசந்தானா?"

என்னிடம் யார் எதைக் கொண்டுவந்தாலும் நான் முதலில் நினைப்பது, பொய்யாக இருக்கும் என்பதுதான். அன்றும் அப்படித்தான் நினைத்தேன்.

ஒரு கண்ணைத் திறந்து வைத்து

இந்தக் குணம் அப்பாவிடமிருந்து வந்தது. அப்பா நகராட்சியில் குமாஸ்தா. கைக்கு வந்த எந்தக் காகிதத்தையும் ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்க்காமல் மேசையில் வைக்கமாட்டார். என் பள்ளிக்கூட மதிப்பெண் அட்டையையும் அப்படித்தான் பார்த்தார். என் கல்யாணப் பத்திரிகை அச்சாகி வந்தபோதும் பார்த்தார். மாப்பிள்ளை பெயருக்கு அடியில் வேறு பெயர் இருக்கிறதா என்று தேடினாரோ என்னவோ.

நான் அவரை மிஞ்சியவள். மீன்காரி செவுளைத் தூக்கிக் காட்டினால், காட்டாத பக்கத்துச் செவுளைத்தான் பார்ப்பேன். "நீ ஜெபம் பண்ணும்போதும் ஒரு கண்ணைத் திறந்து வெச்சிருப்பே" என்று என் கணவர் இருந்தவரை கிண்டல் செய்வார். உண்மைதான். எல்லோரும் கண்ணை மூடிக்கொண்டால் யார் பார்த்துக்கொள்வது?

மிஷன் பள்ளிக்கூடத்தில் எங்களுக்கு இரும்பு நிப்புப் பேனா பிடித்து, பழைய பாணி ஆங்கில எழுத்து கற்றுக்கொடுத்தார்கள். இப்போது அதுதான் என் பிழைப்பு. தாத்தாவின் ஞானஸ்நானப் பதிவேடு, மனைப் பத்திரம், பெட்டிக்கடியில் கிடந்த கடிதம் என்று யாராவது கொண்டுவருவார்கள். படித்துப் பர்மிய மொழியில் எழுதிக் கொடுப்பேன். அப்படியே அது அசலா, அடித்துத் திருத்தியதா என்றும் சொல்வேன். அதையும் கேட்டுத்தான் வருவார்கள்.

தங்கராஜ் பன்சோடன் தெரு நடைபாதையில் முப்பது வருடமாகப் பழைய புத்தகம் விற்றவர். தெருவில் அவருக்கு உ தான் லுவின் என்று பர்மியப் பெயர், ‘உ’ மரியாதைக்கு. என்னிடம் தங்கராஜ். தாத்தா காலத்தில் துறைமுகத்துக்கு மூட்டை தூக்க வந்த குடும்பம். தமிழ் பேசுவார், எழுத்து தெரியாது. ஆங்கிலமும் படிக்க வராது. ஆனால் ஒரு புத்தகத்தைக் கையில் வாங்கி, முதுகைத் தடவி, இரண்டு முறை புரட்டிவிட்டு அது யாருக்கு வேண்டியது என்று சொல்லிவிடுவார். எனக்கு எந்தப் புத்தகம் வேண்டும் என்று எனக்கே தெரியாதபோது எடுத்து வைத்திருக்கிறார்.

அந்த வருடம் நடைபாதைக் கடைகளை எடுக்கச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். அதே தெருவில் ஒரு பழைய கட்டடத்துக்குச் சொந்தக்காரர், ஒரு ஹோட்டல் முதலாளி, தன் மாடிப்படிக்குக் கீழே இருந்த சின்ன அறையைத் தங்கராஜுக்குத் தரலாம் என்று சொல்லியிருந்தார். முதலாளிக்குப் பழைய பொருள்களில் பித்து. இந்த நோட்டைக் கண்ணாடிப் பெட்டியில் போட்டு ஹோட்டல் வரவேற்பில் வைக்க ஆசை. அசல் சரக்குக் கொண்டுவருகிற மனிதன் தன் கட்டடத்தில் இருக்கட்டும் என்பது அவர் கணக்கு.

"வியாழக்கிழமை வர்றாரு சயாமா. நீங்க ஒரு வார்த்தை சொன்னாப் போதும்னுட்டாரு. மழைக்கு முந்தி ஒரு கூரை வேணும். எனக்கில்ல, புஸ்தகத்துக்கு."

எங்கே கிடைத்தது என்று கேட்டேன். கியாக்தான் என்ற ஊரில் டோ ரூத் என்ற வயதான அம்மா கொடுத்தாராம். அவருடைய முன்னோர்கள் ஓர் அமெரிக்கப் பாதிரி வீட்டில் சமையல் செய்தவர்கள். பாதிரிக் குடும்பம் ஊருக்குத் திரும்பியபோது விட்டுப்போன டிரங்குப் பெட்டியில் இருந்ததாம்.

டிரங்குப் பெட்டி, பாதிரி, கிழவி. பொய் சொல்கிறவர்கள் வழக்கமாகச் சொல்லும் மூன்றும் இருந்தன. எனக்குச் சந்தேகம் வலுத்துவிட்டது.

மூன்று வருடம், ஒரே கடல்

நாலு நாள் படித்தேன். சந்தேகத்தோடுதான் ஆரம்பித்தேன், ஆனால் அடுப்பில் சோறு குழைந்ததுகூடத் தெரியாமல் படித்தேன்.

எழுதியவன் பண்ணை வீட்டுப் பையன். கடலைப் பார்க்காமல் வளர்ந்தவன். அமெரிக்காவின் வடகிழக்குக் கரையில் ஒரு துறைமுகத்தில் கையெழுத்துப் போட்டுக் கப்பலேறியிருக்கிறான். கப்பல் பெயர் இருந்த இடத்தில் தண்ணீர்க் கறை. எப்போது திரும்புவோம் என்று யாருக்கும் தெரியாது. பீப்பாய்கள் நிறைந்தால் திரும்பலாம். மூன்று வருடம் ஆகலாம், நாலு ஆகலாம். ஊரில் விட்டுவந்த தங்கைக்குக் கடிதம் எழுதுவதுபோல் நோட்டு முழுவதும் எழுதியிருந்தான். தபாலில் போடுவதற்கில்லை. திரும்பிப் போய்க் கையில் கொடுப்பதற்கு.

திமிங்கில வேட்டை என்றால் எப்போதும் ஈட்டியும் இரைச்சலும் என்று நினைத்திருந்தேன். பெரும்பாலான நாள் ஒன்றுமே நடப்பதில்லை. பாய்மர உச்சியில் இரண்டு மணி நேரம் முறை போட்டு நிற்கவேண்டும், எங்காவது திமிங்கிலம் ஊதும் தண்ணீர்ப் புகை தெரிகிறதா என்று. வாரக்கணக்கில் தெரியாது. கீழே ஆட்கள் திமிங்கிலப் பல்லில் படம் செதுக்குவார்கள், துணி தைப்பார்கள், சண்டை போடுவார்கள். வேறொரு கப்பல் எதிர்ப்பட்டால் பாயைத் தளர்த்திவிட்டு இரண்டு கப்பல் ஆட்களும் ஒருவரையொருவர் பார்க்கப் போவார்கள். எட்டு மாதப் பழைய செய்தித்தாளைப் புதுச்செய்தி மாதிரிப் படிப்பார்கள்.

தெரிந்துவிட்டால் படகுகளை இறக்கவேண்டும். ஆறு பேர் ஒரு படகு. ஈட்டி பாய்ந்ததும் திமிங்கிலம் ஓடும். தொட்டியில் சுருட்டி வைத்த கயிறு புகை கிளம்ப வெளியே ஓடும். கயிற்றின் மேல் தண்ணீர் ஊற்றிக்கொண்டே இருக்கவேண்டும். கொன்றால் நோட்டில் முழு முத்திரை, வயிற்றில் விட்ட வெள்ளை இடத்தில் எத்தனை பீப்பாய் எண்ணெய் என்று எழுதுவார்கள். தப்பித்து மூழ்கிவிட்டால் வால் முத்திரை. இந்த நோட்டில் வால்கள்தான் அதிகம்.

பிறகு கொழுப்பை உரித்து, கப்பல் மேல்தளத்தில் செங்கல் அடுப்புக் கட்டி, பெரிய இரும்புக் கொப்பரையில் காய்ச்சுவார்கள். விறகு தீர்ந்ததும், எண்ணெய் பிழிந்த சக்கையையே அடுப்பில் போட்டு எரிப்பார்கள். அதாவது அந்தத் திமிங்கிலத்தை அதன் உடம்பை வைத்தே காய்ச்சுவது. அந்தப் புகை ரொட்டியில், கம்பளியில், தலைமுடியில் ஏறிவிடும். தன்னைத் தங்கை வாசலில் விடமாட்டாள் என்று எழுதியிருந்தான். இவ்வளவும் ஊரிலிருப்பவர்கள் விளக்கேற்ற. நான் இதைப் படித்தது மெழுகுவத்தி வாங்கப் போகலாமா என்று யோசித்துக்கொண்டு.

சாய்ந்த எழுத்து, நிமிர்ந்த எழுத்து

நாலாம் நாள் கண்டுபிடித்தேன்.

முதல் பாதியின் எழுத்து வலப்பக்கம் சாய்ந்து, காற்றில் வளைந்த நாற்று மாதிரி இருந்தது. ஒரு கெட்டித்தாள் தாண்டியதும் எழுத்து நிமிர்ந்துவிட்டது. அழுத்தம் வேறு, பேனாவைத் தூக்கும் இடம் வேறு. கப்பல் அதுவே. முத்திரை அதுவே. தங்கையும் அதே தங்கை. அன்பாக அழைக்கும் வார்த்தையும் அதுவே. நாலு வருடத்தில் கையெழுத்துக் கொஞ்சம் மாறலாம். ஒரு நாளில் இப்படி மாறாது.

அகப்பட்டுக்கொண்டான் என்று நினைத்தேன். யார் அகப்பட்டது என்றுகூட யோசிக்கவில்லை.

வியாழக்கிழமை முதலாளி வந்தார். வெள்ளைச் சட்டை, வாசனைத் தைலம். தங்கராஜ் அவருக்குப் பின்னால் புது லோஞ்சி கட்டிக்கொண்டு வந்தார். முதலாளிக்கு நாற்காலி போட்டேன். நோட்டைத் திறந்து இரண்டு எழுத்தையும் காட்டி, பர்மிய மொழியில் பாடம் நடத்துவதுபோல் சொன்னேன்: முன்பாதி அசலாக இருக்கலாம். பின்பாதி காலியாகக் கிடந்த பழைய தாளில் வேறு யாரோ பின்னால் எழுதிச் சேர்த்தது. விலை கூடும் என்று செய்வார்கள். எழுதினவனுக்கு ஆங்கிலம் நன்றாகத் தெரியும், கையெழுத்தைப் பார்த்து எழுதத்தான் தெரியவில்லை.

முதலாளி கைக்குட்டையால் விரலைத் துடைத்துக்கொண்டார்.

"உங்களை நம்பிக்கையான ஆள்னு சொன்னாங்க" என்றார் தங்கராஜிடம், பர்மிய மொழியில். குரலை உயர்த்தவேயில்லை. எழுந்து போய்விட்டார்.

தங்கராஜ் என்னைப் பார்த்தார். நான் நோட்டைத் துணியில் சுற்றி அவரிடம் நீட்டினேன்.

"நல்லாப் பாத்தீங்களா சயாமா?"

"நாலு நாள் பாத்தேன்."

"அப்பச் சரி. இது இங்கயே இருக்கட்டும். நான் தூக்கிட்டுப் போகல."

இரண்டு நாளில் தெரு முழுக்கப் பேச்சு: தான் லுவின் போலி நோட்டு விற்கப் பார்த்தானாம். எனக்கு அது வருத்தமாக இருந்தது என்று எழுதினால் பொய். வருத்தம் பின்னால் வந்தது. அப்போது எனக்குப் பெருமையாக இருந்தது. அந்த ஞாயிறு கோயிலில் இரண்டு பேரிடம் இந்தக் கதையைச் சொன்னேன். மூன்றாவது ஆள் தானே வந்து கேட்டார்.

ஈர்க்கு

மழை பிடித்து ஒன்றரை மாதம் ஆனபின் அலமாரியில் பூசணம். எல்லாவற்றையும் எடுத்து மின்விசிறிக்கடியில் பரப்பினேன், கரண்ட் இருந்த சொற்ப நேரத்தில். இந்த நோட்டையும்.

எழுத்து மாறுகிற இடத்தில் இருந்த அந்தக் கெட்டித்தாளின் மூலை ஈரத்தில் வாய் பிளந்திருந்தது. ஒரு தாள் அல்ல. இரண்டு தாள் ஒட்டியிருந்தன. எண்ணெய்ப் பிசுக்கு ஒட்டியதா, யாராவது ஒட்டியதா, இன்றும் எனக்குத் தெரியாது. வெளிச்சத்தில் பிடித்துப் பார்க்கிற அப்பாவின் மகள் இந்த ஒரு தாளைப் பிடித்துப் பார்க்கவில்லை. முடிவு ஏற்கெனவே என் கையில் இருந்தது, அதனால்.

விளக்குமாற்றிலிருந்து ஒரு ஈர்க்கை உருவி, நுழைத்து, கொஞ்சம் கொஞ்சமாகப் பிரித்தேன். முழு மத்தியானம் ஆயிற்று. உள்ளே நிமிர்ந்த எழுத்து.

அண்ணன் இறந்துவிட்டான் என்று கப்பலில் கூட இருந்த வேறொருவன் தங்கைக்கு எழுதியிருந்தான். ஓடுகிற கயிற்றில் ஒரு சுருள் காலில் விழுந்தது. திரும்பிப் பார்ப்பதற்குள் படகில் அவன் இடம் காலி. உடல் கிடைக்கவில்லை. கேப்டன் ஜெபம் வாசித்தார். சில நாள் கழித்து, வழக்கப்படி, செத்தவன் பெட்டியைப் பாய்மரத்தடியில் திறந்து ஏலம் விட்டார்கள். கடலில் கடை கிடையாது. ஒருவன் போனால் அவன் மேலங்கி இன்னொருவனுக்கு வேண்டும். அங்கி போயிற்று, பூட்ஸ் போயிற்று, கத்திக்குப் போட்டி. பாதி எழுதிய நோட்டை யாரும் கேட்கவில்லை. இவன் இரண்டு கட்டிப் புகையிலைக்கு எடுத்தான்.

தனக்குக் கரையில் எழுதுவதற்கு ஒருவரும் இல்லை என்று சொல்லிவிட்டு, தங்கைக்கு இப்படி எழுதியிருந்தான்: "கப்பல் எப்படித் திரும்பியது என்று தெரிந்துகொள்ள உங்களுக்கு ஆசை இருக்கும். அதனால் உங்கள் அண்ணன் விட்ட இடத்திலிருந்து நான் எழுதுகிறேன். அவர் அழைத்த மாதிரியே அழைக்கிறேன், மன்னிக்கவேண்டும். கரைக்கு வந்ததும் கொண்டுவந்து தருகிறேன்."

அதற்கப்புறம் ஒன்றரை வருடம், முகம் தெரியாத ஒரு பெண்ணைத் தங்கை என்று அழைத்து ஒவ்வொரு நாளும் எழுதியிருக்கிறான். அதைத்தான் நான் போலி என்று சொல்லியிருந்தேன். தரையில் உட்கார்ந்தபடி அழுதேன். அவனுக்காக அழுதேனா, தங்கராஜுக்காகவா, எனக்கு மானம் போனதற்காகவா என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை.

பாலத்தடியில்

மறுநாள் காலையில் தங்கராஜ் குடியிருக்கும் தாகேதாவுக்குப் போனேன். பாலம் தாண்டி பஸ் நிறுத்தத்தில் இறங்கியதுமே அவரைப் பார்த்துவிட்டேன். நீலத் தார்ப்பாய்க்கு அடியில் குடைகளும் கைபேசி உறைகளும் பரப்பி உட்கார்ந்திருந்தார். ஒரு புத்தகம்கூட இல்லை.

"புஸ்தகம் எங்க அண்ணே?"

"வீட்டுல தண்ணி ஏறிருச்சு சயாமா. நனைஞ்சத எடை போடுறவன் வந்து அள்ளிட்டுப் போனான். குடை நல்லாப் போகுது. உக்காருங்க."

பிளாஸ்டிக் முக்காலியைத் துடைத்துப் போட்டார். உட்கார்ந்து, ஒன்றையும் மறைக்காமல் சொன்னேன். ஒட்டிய தாள், ஏலம், இரண்டாவது ஆள். நான் பார்த்தது தப்பு, நோட்டு முழுக்க அசல், முதலாளியிடமும் தெருவிலும் நானே வந்து சொல்கிறேன் என்றேன். மன்னித்துவிடச் சொல்லிக் கேட்டேன்.

அவர் ஒரு குடையை விரித்து, கம்பியைச் சரிபார்த்து, மடக்கி வைத்தார்.

"நீங்க சொன்னதும் நானும் நம்பிட்டேன் சயாமா. அன்னைக்கே கியாக்தான் போனேன். டோ ரூத் வாசல்ல நின்னு, பொய் நோட்டக் குடுத்து என் பேரக் கெடுத்துட்டீங்கன்னு கத்துனேன். அக்கம்பக்கத்துல எல்லாம் எட்டிப் பாத்தாங்க. அந்தம்மா உள்ள போயி கதவச் சாத்திக்கிட்டாங்க."

"ரெண்டு பேரும் போவோம். நான் கால்ல விழறேன்."

"வாசோ மாசப் பௌர்ணமிக்கு முந்தியே எறந்துபோயிட்டாங்க. கேள்விப்பட்டுப் போனேன். அவங்க மக என்னை உள்ள விடல."

நோட்டைத் திறந்து அந்த இரண்டு பக்கத்தையும் அவருக்குத் தமிழில் படித்துக் காட்டினேன். பஸ்கள் வந்து போயின. நடுவில் ஒரு பெண் குடை வாங்கினாள். அவள் போகும்வரை நிறுத்திவிட்டுத் தொடர்ந்தேன். புகையிலை கொடுத்து நோட்டை எடுத்த இடத்தில் அவர் "ம்" என்றார். முடித்ததும் நோட்டைக் கையில் வாங்கி, வழக்கம்போல் முதுகைத் தடவினார். அந்தப் பக்கத்தை மட்டும் வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

"மையி இங்க மட்டும் புதுசா இருக்கே சயாமா."

"ஒட்டியிருந்துச்சுல்ல அண்ணே. வெளிச்சம் படல. அதான் மங்கல."

"ம். இந்த மாதிரி எழுத்து இப்ப யாரு எழுதுவா?"

"யாரும் எழுதமாட்டாங்க."

"நீங்க எழுதுவீங்கல்ல."

கோபமாகக் கேட்கவில்லை. நல்லெண்ணத்தில் ஏதோ செய்து மாட்டிக்கொண்ட ஒருவரிடம் பேசுகிற மாதிரி, மெதுவாகக் கேட்டார்.

"நான் மனசு ஒடஞ்சு கெடக்கேன்னு யாரோ சொல்லிருப்பாங்க. அதுக்காகச் செஞ்சீங்களோன்னு கேட்டேன். தப்பா நெனைச்சுக்காதீங்க."

"நான் எழுதல அண்ணே. சத்தியமா எழுதல."

"சரி சயாமா."

தார்ப்பாயில் ஒரு துண்டு கிழித்து, நோட்டைத் தண்ணீர் புகாமல் சுற்றி, என் மடியில் வைத்தார். பஸ் வந்துவிட்டது, ஏறுங்கள் என்றார். ஏறிக்கொண்டேன். முப்பது வருடம் என் வார்த்தை ஒவ்வொன்றையும் நம்பிய மனிதர். நான் கொண்டுபோன ஒரே நல்ல செய்தியை அவர் நம்பவில்லை. நம்பாமலிருக்க அவருக்குக் கற்றுக்கொடுத்தது நான்.

முதலாளியிடம் போய்ச் சொன்னேன். தெருவிலும் சொன்னேன். கேட்டுக்கொண்டார்கள். நோட்டு என் மேசையில்தான் இருக்கிறது. அந்த இரண்டு பக்கத்தை நான் எழுதவில்லை. இதை உங்களிடமும் சொல்லிவைக்கிறேன். நீங்களாவது நம்புவீர்களா என்று எனக்குத் தெரியவில்லை.